அக்பர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மூன்றாம் முகலாயப் பேரரசர் ஜலாலுத்தீன் முகமது அக்பர் 1556 முதல் 1605 வரை ஆண்டார். அவரைப் பற்றி நம்மிடையே உலவும் கதைகள் ஏராளம். அவரது அமைச்சர் அபுல் ஃபசல் தொகுத்த அயினி அக்பரியில் இருக்கும் எடை, அளவு, சம்பளம், வரிக் கணக்குகளைப் புரட்டினால் அந்தக் கதைகளில் இல்லாத ஒரு மனிதர் தெரிகிறார்: ஒரு முறை கெட்டுப்போனால் ஏன் கெட்டது என்று தேடி, அதைத் திருத்திக்கொண்டே இருந்தவர். கீழே உள்ள பதில்களில் கணக்குகள் அதிகம் வருவது அதனால்தான்.

அக்பர் எங்கே, எந்த நிலையில் பிறந்தார்?

1542 அக்டோபர் 15 அன்று உமர்கோட்டில். இன்று அது பாகிஸ்தானின் சிந்து மாகாணத்தில் இருக்கிறது. தந்தை ஹுமாயூன் 1540இல் கன்னோசியில் ஷேர்ஷாவிடம் தோற்று, நாடு இழந்து பாலைவனத்தில் அலைந்துகொண்டிருந்த நேரம் அது. உமர்கோட்டின் ராஜபுத்திர ராணா அடைக்கலம் கொடுத்தார். தாய் ஹமீதா பானு. குழந்தைக்கு ஒரு வயது கடந்ததும் பெற்றோர் பாரசீகத்துக்குத் தப்ப வேண்டியிருந்தது. பிள்ளை சித்தப்பா அஸ்கரியின் பொறுப்பில் காந்தகாருக்குப் போனது. 1545இல் காபூலில்தான் பெற்றோருடன் மறுபடி சேர்ந்தது.

13 வயதில் பட்டம் ஏறினாராமே?

ஆமாம். ஹுமாயூன் 1555இல் டெல்லியை மீட்டார். ஆறே மாதங்களில், 1556 ஜனவரியில், நூலகப் படிக்கட்டில் தவறி விழுந்து இறந்தார். அக்பர் அப்போது பஞ்சாபில் படைமுகாமில் இருந்தார். பிப்ரவரி 14 அன்று கலானூரில் அவசரமாகக் கட்டிய செங்கல் மேடையில் முடிசூட்டினார்கள். குர்தாஸ்பூர் பக்கம் அந்த மேடை இன்றும் இருக்கிறது. பக்கத்தில் போய்ப் பார்த்தால் ஒரு பேரரசு இங்கிருந்தா தொடங்கியது என்று தோன்றும், அவ்வளவு சிறியது.

இரண்டாம் பானிபட் போரில், டெல்லியைக் கைப்பற்றியிருந்த ஆப்கானியர் தரப்புத் தளபதி ஹேமுவின் கை ஓங்கியிருந்ததே, பிறகு எப்படித் தோற்றார்?

இரண்டு காரணங்கள். முதலாவது, போருக்கு முன்பே நடந்தது. ஹேமு தன் பீரங்கிகளைப் போதிய காவல் இல்லாமல் முன்னால் அனுப்பிவைத்தார்; அலி குலி கான் தலைமையிலான முகலாய முன்னணிப் படை அவற்றைப் பிடித்துக்கொண்டது. யானைப்படையை நம்பி மட்டுமே அவர் களத்தில் இறங்க வேண்டியதாயிற்று. இரண்டாவது, 1556 நவம்பர் 5 அன்று போர் அவர் பக்கம் சாய்ந்துகொண்டிருந்தபோதே கண்ணில் அம்பு பாய்ந்து அம்பாரியில் சாய்ந்துவிட்டார். தலைவனை யானை மேல் காணாத படை அந்தக் காலத்தில் நிற்பதில்லை, கலைந்து ஓடியது. அக்பர் களத்துக்குச் சற்றுப் பின்னால் இருந்தார். படையை நடத்தியவர் அவரல்லர். தலைமைப் பொறுப்பு பாதுகாவலர் பைராம் கானுடையது.

ஆட்சி உண்மையில் எப்போது அவர் கைக்கு வந்தது?

1560இல் பைராம் கானை ஒதுக்கினார். ஆனால் அதிகாரம் உடனே வந்துவிடவில்லை. செவிலித்தாய் மாஹம் அனகாவும் அவர் மகன் அதம் கானும் அந்த இடத்தைப் பிடிக்கப் பார்த்தார்கள். 1562 மே மாதம் ஆக்ரா அரண்மனையில் முதன்மை அமைச்சர் அத்கா கானை அதம் கான் ஆட்கள் வெட்டிக் கொன்றனர். கூச்சல் கேட்டு வெளியே வந்த 19 வயது அக்பர் அதம் கானை ஒரே குத்தில் வீழ்த்தி, மேல்மாடத்திலிருந்து தள்ளச் சொன்னார். முதல் முறை உயிர் போகவில்லை. மறுபடி தூக்கிவரச் செய்து மறுபடி தள்ளச் சொன்னார். அந்த நாளுக்குப் பிறகு அவர் பெயரில் வேறு யாரும் ஆளவில்லை.

அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாதா?

தெரியாது என்றே மகன் ஜஹாங்கீர் தன் நினைவுக்குறிப்பில் எழுதியிருக்கிறார். அறிஞர்களோடு பழகிப் பழகி, பேச்சில் அந்தக் குறையை யாராலும் கண்டுபிடிக்க முடியாது என்றும் சேர்த்துச் சொல்கிறார். தினமும் நூல்களை உரக்கப் படிக்க ஆட்கள் இருந்தார்கள். அன்றைக்குப் படித்து நிறுத்திய பக்கத்தில் அக்பர் தன் கையாலேயே ஒரு குறி போடுவார். எத்தனை தாள் படித்தார்களோ அதற்கேற்ப அவர்களுக்குக் கூலி. மகாபாரதத்தைப் பாரசீகத்தில் பெயர்க்கச் செய்ததும், ஹம்சா என்ற வீரரின் கதைகளுக்குச் சுமார் 1,400 பெரிய ஓவியங்கள் வரையச் செய்ததும் இந்தக் கேட்டுப் படித்த மனிதர்தான்.

ஜோதா பாய் யார்?

1562இல் அக்பர் ஆமேர் அரசர் பார்மலின் மகளை மணந்தார். அரண்மனையில் அவருக்கு வழங்கிய பட்டப்பெயர் மரியம் உஸ் ஸமானி. 1569இல் ஜஹாங்கீரைப் பெற்றவர் அவரே. அக்பர் காலத்து வரலாற்று நூல் எதிலும் அவருக்கு ஜோதா பாய் என்ற பெயர் இல்லை. அந்தப் பெயர் ஜோத்பூரைச் சேர்ந்த, ஜஹாங்கீரின் மனைவியோடு கலந்துபோய் வந்தது.

சித்தூர் முற்றுகை எப்படி நடந்தது?

இந்தச் சித்தூர் ராஜஸ்தானில் உள்ள மேவார் அரசின் கோட்டை. முற்றுகை 1567 அக்டோபரில் தொடங்கி 1568 பிப்ரவரியில் முடிந்தது. கோட்டை தனிக் குன்றின் மேல் நீண்டு கிடக்கிறது. ஏணி வைத்து ஏற முடியாது, கீழிருந்து சுடும் பீரங்கியும் பெரிதாக எதையும் செய்யவில்லை. எனவே இரண்டு வழிகளில் வேலை நடந்தது.

ஒன்று, மதிலுக்கு அடியில் சுரங்கம் தோண்டி வெடிமருந்து நிரப்புவது. பக்கத்துப் பக்கத்தில் இரண்டு சுரங்கம் வெட்டி, ஒன்றில் 120 மணங்கும் மற்றதில் 80 மணங்கும் நிரப்பினார்கள். (அக்பர் கால மணங்கு நம் கணக்கில் ஏறக்குறைய 25 கிலோ.) டிசம்பரில் திரி கொளுத்தினார்கள். இரண்டும் சேர்ந்து வெடிக்க வேண்டும், ஒன்று முந்திக்கொண்டது. உடைந்த இடத்தைப் பார்த்ததும் காத்திருந்த வீரர்கள் உள்ளே பாய்ந்தார்கள். அவர்கள் நெருங்கிய நேரத்தில் இரண்டாவது வெடித்தது. முகலாயப் படையில் சுமார் 200 பேர் அந்த ஒரு கணத்தில் செத்தார்கள். திரிகள் எரிந்து முடியும் நேரம் ஒத்துப்போகாததே காரணம்.

மற்றொன்று, சாபாத் என்ற மூடுபாதை. இருபுறமும் மண்சுவர் எழுப்பி, மேலே மரப்பலகையும் தோலும் வேய்ந்து, கோட்டை நோக்கி வளைந்து வளைந்து கொண்டுபோவார்கள். பத்துக் குதிரைகள் வரிசையாகப் போகும் அகலம். யானை மேல் ஈட்டியோடு இருப்பவன் குனியாமல் போகும் உயரம். கட்டும் கொத்தனார்கள் தினமும் மேலிருந்து வந்த குண்டுக்கு இரையானார்கள். அவர்களைக் கட்டாயப்படுத்தாமல், கூலியை அள்ளிக் கொடுத்து வேலை வாங்கியதாக அரசவை நூல்கள் சொல்கின்றன. கடைசியில் சாபாத்தின் உச்சியிலிருந்து அக்பர் சங்கிராம் என்ற தன் துப்பாக்கியால் சுட்டதில் கோட்டைத் தலைவர் ஜைமல் விழுந்தார். அன்றிரவு உள்ளே ஜௌஹர் தீ எழுந்தது; எதிரி கையில் சிக்காமலிருக்கப் பெண்கள் தீயில் பாயும் வழக்கம் அது.

அதற்கு அடுத்த நாள் நடந்ததை மறைக்கக் கூடாது. கோட்டைக்குள் இருந்த குடியானவர்களும் சண்டையில் உதவினார்கள் என்று சொல்லிப் படுகொலைக்கு ஆணையிட்டார். இறந்தவர் எண்ணிக்கை 30,000 என்று எழுதுவது எதிரிகள் அல்லர், அவருடைய சொந்த வரலாற்றாசிரியர் அபுல் ஃபசல். அக்பரைப் போற்றும் யாரும் இந்த எண்ணைத் தாண்டித்தான் போக வேண்டும்.

ஹல்திகாட்டியில் அக்பர் மேவார் அரசர் ராணா பிரதாப்புடன் நேருக்கு நேர் மோதினாரா?

இல்லை. 1576 ஜூன் மாதப் போர் அது. முகலாயப் படைக்குத் தலைவர் ஆமேரின் மான்சிங். பிரதாப் பக்கத்தில் ஹக்கீம் கான் சூர் என்ற ஆப்கானியத் தளபதி இருந்தார். களம் முகலாயருக்கு, ஆனால் பிரதாப் தப்பிவிட்டார். 1597இல் இறப்பதற்குள் சித்தூர் போன்ற சில இடங்கள் தவிர மேவாரின் பெரும்பகுதியை மீட்டும்விட்டார்.

அக்பர் காலத்தில் நிலத்தை எப்படி அளந்தார்கள்?

முதலில் சணல் கயிற்றால். அதில்தான் சிக்கல். சணல் ஈரம் பட்டால் சுருங்கும், காய்ந்தால் நீளும். காலைப் பனியில் அளந்தால் கயிறு குட்டை, அதே வயல் அதிக பரப்பாகக் கணக்கில் ஏறும், உழவன் கூடுதல் வரி கட்டுவான். உச்சி வெயிலில் அளந்தால் கயிறு நீளம், கஜானாவுக்கு நட்டம். வேண்டுமென்றே கயிற்றை நனைத்துவைத்தவர்களும் இருந்தார்கள் என்று அபுல் ஃபசல் எழுதுகிறார்.

இதற்கு மாற்றாக 1570களின் நடுவில் மூங்கில் கழிகளை இரும்பு வளையங்களால் கோத்த ஜரீப் வந்தது. மூங்கில் பனிக்கும் வெயிலுக்கும் அப்படி மாறாது. ஜரீப்பின் நீளம் 60 கஜம். அறுபதுக்கு அறுபது, அதாவது 3,600 சதுரக் கஜம், ஒரு பீகா. கஜமும் ஊருக்கு ஊர் வேறாக இருந்ததால் அதை 41 விரற்கடை கொண்ட இலாஹி கஜம் என்று பின்னர் ஒரே அளவாக்கினார். அது ஏறக்குறைய 82 சென்டிமீட்டர். அந்தக் கணக்கில் ஒரு பீகா நம்ம ஊர் 60 சென்ட் நிலம்.

அளந்த பின் நிலம் நான்கு வகையாகும். ஒவ்வோராண்டும் பயிராவது போலஜ். மண் தேற இடையில் சும்மா விடுவது பரௌதி. மூன்று நான்கு ஆண்டு தரிசாகக் கிடந்தது சாசர். ஐந்தாண்டும் அதற்கு மேலும் கிடந்தது பஞ்சர். போலஜிலும் பரௌதியிலும் நல்லது, நடுத்தரம், கடையானது என மூன்று தரம். மூன்றின் விளைச்சலையும் கூட்டி மூன்றால் வகுத்தால் சராசரி; அந்தச் சராசரியில் மூன்றில் ஒரு பங்கு அரசுக்கு. அயினியில் உள்ள கோதுமைக் கணக்கைப் பாருங்கள்: பீகாவுக்கு நல்ல நிலம் 18 மணங்கு, நடுத்தரம் 12, கடையானது 8 மணங்கு 35 சேர். சராசரி 12 மணங்கு 38 சேர். அரசின் பங்கு 4 மணங்கு 12¾ சேர். ஒரு மணங்குக்கு 40 சேர். கிலோவில் சொன்னால் 60 சென்டில் 325 கிலோ விளைந்தால் 108 கிலோ வரி.

இதில் ஒரு பலவீனம் கண்ணுக்குத் தெரியும்: கடைத்தர நிலம் வைத்திருந்தவன் தன் விளைச்சலில் பாதிக்கு நெருக்கமாகவே கொடுத்தான். சராசரி அவனுக்கு உதவவில்லை.

பத்தாண்டு முறை என்றால் பத்தாண்டுக்கு வரி மாறாதா?

பாடநூல்களிலேயே காணப்படும் தவறு இது. தஹ்சாலா என்பது பத்தாண்டுக்குப் போட்ட ஒப்பந்தம் இல்லை. கடந்த பத்தாண்டுகளின் சராசரி.

வரியைத் தானியமாகக் கணக்கிட்டுக் காசாக வாங்கினார்கள். அப்படியானால் விலை தெரிய வேண்டும். தொடக்கத்தில் நாடு முழுக்க ஒரே விலைப்பட்டியல். அரசவை இருக்கும் நகரில் தானியம் விலை கூடுதல், மூலைக் கிராமத்தில் மலிவு. மலிவாக விற்றவன் நகர விலைக்கு வரி கட்டி நொந்தான். பிறகு ஒவ்வோர் ஊர் விலையையும் ஆண்டுதோறும் கேட்டு வாங்கினார்கள். அறிக்கை தலைநகர் வந்து ஒப்புதலாகித் திரும்புவதற்குள் அறுவடை முடிந்துவிடும். அனுப்பியவர்கள் விலையைத் திருத்தி அனுப்பியதும் உண்டு. இதனால்தான் 1580இல், ஆட்சியின் 15 முதல் 24 வரையான ஆண்டுகளின் விவரங்களைக் கூட்டிப் பத்தால் வகுத்து, வந்த சராசரியை நிலையான காசு வரியாக்கினார்கள். முதல் ஐந்தாண்டுக்கு நம்பகமானவர்கள் சொன்ன தகவல், பின் ஐந்தாண்டுக்கு நேரடிப் பதிவு. ஒவ்வொரு வட்டாரத்துக்கும், ஒவ்வொரு பயிருக்கும் தனி விகிதம். இந்த வேலையில் முன்னின்றவர்கள் ராஜா தோடர்மாலும் ஷா மன்சூரும்.

கரோரி திட்டம் ஏன் தோற்றது?

1574–75இல் ஜாகிர்களை (சம்பளத்துக்குப் பதில் அதிகாரிகளுக்கு விட்ட நில வருவாய்) பெருமளவு திரும்பப் பெற்று, ஒரு கோடி டங்கா (அக்கால நாணயம்) வருவாய் தரக்கூடிய பகுதிகளாகப் பிரித்து 182 அதிகாரிகளிடம் கொடுத்தார். கோடியிலிருந்து கரோரி. தரிசை மூன்றாண்டில் விளைநிலமாக்குவது அவர்கள் வேலை. இலக்கு மேலிருந்து வந்தது, கண்காணிப்பு வரவில்லை. உழவர்கள் மாட்டையும் பிள்ளைகளையும் விற்கும் நிலைக்கு ஆளானதாகவும், பின்னர் கணக்குக் கேட்டபோது கரோரிகள் சிறையில் அடிபட்டுச் செத்ததாகவும் அரசவையில் இருந்த வரலாற்றாசிரியர் பதாவுனி எழுதுகிறார். அவர் அக்பரைக் கடுமையாக வெறுத்தவர். கொஞ்சம் தள்ளுபடி செய்து படிக்கலாம். ஆனால் ஆள் துன்புறுத்தல் நடந்ததில் ஐயம் இல்லை. சில ஆண்டுகளில் ஜாகிர் முறைக்கே திரும்பினார்கள். திட்டத்தில் மிஞ்சியது அந்த ஆண்டுகளில் சேகரித்த நிலக்கணக்கு. பத்தாண்டுச் சராசரிக்கு அது பயன்பட்டது.

மன்சப் முறையைச் சுருக்கமாகச் சொல்ல முடியுமா?

ஒவ்வொரு அதிகாரிக்கும் மன்சப் என்ற தகுதி எண். 10இல் தொடங்கி 5,000 வரை. அதற்கு மேல் பெரும்பாலும் இளவரசர்களுக்கு. 5,000 மன்சபின் முதல் தரத்துக்கு மாதம் 30,000 ரூபாய். எண்ணுக்கேற்பக் குதிரைவீரர்களை வைத்திருக்க வேண்டும்.

ஏமாற்று எளிதாக நடந்தது. கணக்கெடுப்பு நாளில் சந்தையிலிருந்து தையற்காரனையும் வண்ணானையும் குதிரையேற்றிக் காட்டிவிட்டு, மறுநாள் குதிரையைத் திருப்பிக் கொடுத்துவிடுவார்கள். 1570களில் தாக் என்ற சூட்டுக்குறி வந்தது: குதிரைக்குச் சூடு, வீரனுக்குச் சேஹ்ரா என்ற அங்க அடையாளப் பதிவு. பெரிய பிரபுக்களுக்கு இது அவமானமாகப் பட்டது. அக்பரின் பால்சகோதரர் அஜீஸ் கோகாவே எதிர்த்து வீட்டுக்காவலில் இருந்தார். அப்படியும் எண் ஒன்றாகவும் கொண்டுவரும் ஆள் வேறாகவும் இருந்ததால், 1590களில் எண்ணை இரண்டாகப் பிரித்தார்கள். ஜாத் என்பது தகுதியும் சொந்தச் சம்பளமும். சவார் என்பது கொண்டுவர வேண்டிய குதிரைவீரர் கணக்கு.

ஜிஸியாவை நீக்கியது உண்மையா? தீன் இலாஹி தனி மதமா?

யாத்திரை வரியை 1563இலும் முஸ்லிம் அல்லாதவர் மீதான ஜிஸியா வரியை 1564இலும் நீக்கியதாக அபுல் ஃபசலின் அக்பர்நாமா சொல்கிறது. அப்போது அவருக்கு 21, 22 வயது. பதேப்பூர் சிக்ரியில் சமய விவாதக்கூடம் அமைத்தது அதற்குப் பத்தாண்டு கழித்து, 1575இல். ஆகவே விவாதங்கள்தான் அவரை மாற்றின என்று வரிசையைத் திருப்பிச் சொல்வது பிழை. தீன் இலாஹிக்குத் தனி வேதமும் குருமாரும் கோயிலும் இல்லை. அரசரிடம் சீடராகச் சேரும் சிறு வட்டம் அது. யாரையும் வற்புறுத்தவில்லை, மான்சிங் மறுத்தார், அவர் பதவிக்கு ஒன்றும் நேரவில்லை. அக்பரோடு அது முடிந்துபோனது.

அவர் என்ன சாப்பிட்டார், என்ன குடித்தார்?

ஒரு நாளைக்கு ஒரு வேளை உணவு, நேரம் நிலையில்லை. கேட்டவுடன் பரிமாற எப்போதும் தயாராக இருக்க வேண்டும் என்பதால் சமையற்கூடம் ஓயாது. கிச்சடிக்கு அயினி தரும் அளவு: அரிசி, பருப்பு, நெய் தலா 5 சேர், உப்பு மூன்றில் ஒரு சேர், ஏழு தட்டு வரும். சேர் என்பது 630 கிராம் அளவு. அரிசிக்குச் சமமாக நெய் என்பதைக் கவனியுங்கள்! செப்புப் பாத்திரங்களுக்கு மாதம் இருமுறை ஈயம் பூசினார்கள். தங்கம், வெள்ளித் தட்டுகளைச் சிவப்புத் துணியிலும், செம்பு, பீங்கான் தட்டுகளை வெள்ளைத் துணியிலும் கட்டி, தலைமை அதிகாரி முத்திரையிட்டு அனுப்புவார்.

குடிப்பது கங்கை நீர் மட்டும். ஆக்ராவில் இருந்தால் சோரோனிலிருந்தும், பஞ்சாபில் இருந்தால் ஹரித்வாரிலிருந்தும் முத்திரையிட்ட குடங்களில் வரும். குளிர்விக்க வெடியுப்பு. ஒரு சேர் தண்ணீரை வெள்ளி அல்லது வேறு உலோகக் கூஜாவில் ஊற்றி வாயை மூடு. இன்னொரு பாத்திரத்தில் ஐந்து சேர் தண்ணீரும் இரண்டரைச் சேர் வெடியுப்பும். அதற்குள் கூஜாவை வைத்துக் கால் மணி நேரம் சுழற்றிக்கொண்டே இரு. உப்பு கரையும்போது சூட்டை இழுத்துக்கொள்வதால் கூஜாத் தண்ணீர் சில்லிடும். சுழற்றாவிட்டால் உப்பு அடியில் படிந்துவிடும். கூஜாவின் வாய் சரியாக மூடாவிட்டால் குடிக்கும் நீரில் உப்பு இறங்கிவிடும். பீரங்கிக்கு வாங்கிய சரக்கு சாப்பாட்டு மேடைக்கும் உதவியது.

தண்ணீர் இல்லாததால்தான் பதேப்பூர் சிக்ரியைக் கைவிட்டாரா?

முக்கியக் காரணம் அது இல்லை. 1571இல் கட்டத் தொடங்கிய நகரத்தின் ஏரிக்கரை 1582இல் உடைந்தது; ஆனாலும் அரசவை அதற்குப் பிறகு மூன்றாண்டு அங்கேயே இருந்தது. 1585இல் காபூலை ஆண்ட தம்பி மிர்சா ஹக்கீம் இறந்தார். உஸ்பெக்குகள் வடமேற்கில் நெருங்கினார்கள். அக்பர் லாகூருக்குப் போனார், 1598 வரை அங்கிருந்து ஆண்டார்.

பீர்பால் உண்மையில் வாழ்ந்தவரா?

ஆம். இயற்பெயர் மகேஷ் தாஸ். கதைகள் பெரும்பாலும் பின்னாளில் பிறந்தவை. அவர் முடிவு சிரிப்புக்குரியதன்று. 1586இல் சுவாத் மலைப்பகுதியில் யூசுப்சாய் பழங்குடியினருக்கு எதிரான படையெடுப்பில், உடன் தளபதி ஜைன் கானோடு ஒத்துப்போகாமல், கணவாய்க்குள் சிக்கி மாண்டார். பல்லாயிரம் வீரர்கள் அதில் அழிந்தார்கள். அவர் உடல் கிடைக்கவில்லை. அக்பர் இரண்டு நாள் உணவைத் தொடவில்லை என்பார்கள்.

அக்பரின் ஆட்சி தமிழகம் வரை வந்ததா?

வரவில்லை. தெற்கே அவர் எட்டிய எல்லை கான்தேஷ், பேரார், அகமதுநகர். 1601 ஜனவரியில் ஆசீர்கர் கோட்டை வீழ்ந்ததே கடைசி வெற்றி. அப்போது இங்கே மதுரை, தஞ்சை, செஞ்சி நாயக்கர்கள் ஆண்டார்கள். முகலாயப் படை செஞ்சியைப் பிடித்தது 1698இல், அவுரங்கசீப் காலத்தில்.

எப்படி இறந்தார்? தேதி ஏன் நூலுக்கு நூல் மாறுகிறது?

வயிற்றுக்கடுப்பு. 1605 அக்டோபர் 27 அன்று ஆக்ராவில், 63 வயதில். இளைய மகன்கள் முராதும் தானியாலும் குடியால் முன்பே இறந்திருந்தார்கள். மூத்தவர் சலீம் கிளர்ச்சி செய்து, 1602இல் அபுல் ஃபசலைக் கொல்லவும் ஏற்பாடு செய்தவர். அவரே ஜஹாங்கீர் ஆனார். உடல் சிக்கந்திராவில் அடங்கியிருக்கிறது. சில நூல்கள் அக்டோபர் 17 என்று போடுவது ஜூலியன் நாட்காட்டிப்படி. பத்து நாள் வித்தியாசம். ஹிஜ்ரி நாள் மாலையில் தொடங்குவதால் இன்னொரு நாள் முன்பின் ஆகும்.

நம் வருவாய்த்துறைக் கணக்கில் வரும் பசலி ஆண்டு அக்பருடையதா?

அவர் வழக்கத்தின் தக்காணக் கிளை. ஹிஜ்ரி சந்திர ஆண்டு, சூரிய ஆண்டைவிட 11 நாள் குறைவு. 32 சூரிய ஆண்டுக்குள் 33 சந்திர ஆண்டு ஓடிவிடும். அறுவடை சூரியனைப் பின்பற்றுகிறது. வரியை ஹிஜ்ரிப்படி கேட்டால் உழவன் 32 அறுவடைக்கு 33 முறை வரி கட்ட நேரும். எனவே அக்பர் பட்டமேற்ற ஹிஜ்ரி 963ஐ அப்படியே பிடித்துவைத்து, அங்கிருந்து சூரிய ஆண்டாக எண்ணச் செய்தார். பசல் என்றால் அறுவடை.

தக்காணத்துக்கு அந்த முறையைக் கொண்டுவந்தது ஷாஜகான் காலத்தில், 1636இல். அப்போது ஹிஜ்ரி 1046. அங்கிருந்து எண்ணத் தொடங்கினார்கள். இடைப்பட்ட 80 ஆண்டுகளில் ஹிஜ்ரி முந்திவிட்டதால் வடக்குப் பசலிக்கும் நம்முடையதற்கும் இரண்டு மூன்று எண் வேறுபடும். 2024 ஜூலையில் தொடங்கிய ஆண்டைக் கணக்கிட்டுப் பாருங்கள்: 2024இலிருந்து 1636ஐக் கழித்தால் 388, அதோடு 1046ஐக் கூட்டினால் 1434. கிராம நிர்வாக அலுவலரின் அடங்கலில் அந்த ஆண்டுக்கு இருப்பது பசலி 1434தான்.